மத்தியதரைக் கடலோரத்தில் கொண்டைக்கடலை

பியோப்பிக்குக் கிளம்பும்போது என் மனசில் மீன்தான் இருந்தது. இத்தாலியின் தெற்கே, நேப்பிள்ஸையும் சலெர்னோவையும் தாண்டி, சிலெந்தோ கடற்கரையில் ஒட்டிக்கொண்டிருக்கும் சின்னஞ்சிறு ஊர் அது. டாக்டர்களும் பத்திரிகைகளும் ஓயாமல் சொல்லும் ‘மெடிட்டரேனியன் டயட்’, அதாவது மத்தியதரைக் கடலோர உணவுமுறை, இந்த ஊரைத்தான் தன் வீடு என்று சொல்லிக்கொள்கிறது. பெயரிலேயே கடல் இருக்கிறதே, கடலோரத்துக்கே போய்ச் சாப்பிட்டுவிடலாம் என்று புறப்பட்டேன்.

அஷேயா ஸ்டேஷனில் இறங்கினால் பக்கத்திலேயே வேலியா இடிபாடுகள். பழைய கிரேக்கர்களின் எலேயா, தத்துவவாதிகள் பார்மெனிடீஸும் சீனோவும் வாழ்ந்த ஊர். கிரேக்க வீரன் அகில்லெஸ் எவ்வளவு ஓடினாலும் ஆமையைப் பிடிக்க முடியாது என்று வாதாடிய அதே சீனோதான். பியோப்பி பஸ்ஸுக்காகக் காத்திருந்த நேரத்தில் அவர் சொன்னது சரியாகத்தான் இருக்கும் என்று எனக்கும் பட்டது.

நான் தங்கிய வீட்டின் அம்மாவுக்கு எழுபது வயதுக்கு மேல் இருக்கும். முதல் ராத்திரி ஆழமான தட்டில் ‘லாகனே எ சேச்சி’ கொண்டுவந்து வைத்தார். லாகனே என்பது முட்டை சேர்க்காமல் கோதுமை மாவில் அகலமாக வெட்டிய நாடா. சேச்சி என்றால் கொண்டைக்கடலை. பூண்டு, மேலே ஆலிவ் எண்ணெய், அவ்வளவுதான். மீன் இல்லையா என்று கேட்டேன். “எங்க பாட்டி மலைக்காரி. அவளுக்கு மீனைப் பத்தி என்ன தெரியும்?” என்றார்.

அந்தக் கொண்டைக்கடலை சிசெராலேயில் விளைந்தது என்று பெருமையாகச் சொன்னார். உள்நாட்டு மலை ஊரான அதன் பெயரே கடலையிலிருந்து வந்ததுதான்; கொண்டைக்கடலையை ஊட்டி வளர்க்கும் மண் என்று லத்தீனில் ஊர்ச்சின்னத்திலேயே பொறித்து வைத்திருக்கிறார்கள்.

மறுநாள் காலை கரையில் நின்று திரும்பிப் பார்த்தபோது விஷயம் புரிந்தது. பழைய ஊர்கள் எல்லாம் மேலே, மலைச்சரிவில் இருக்கின்றன. பியோப்பியே மேலே இருக்கும் பொல்லிக்காவின் கீழ்ப்பகுதிதான். கரை நெடுக நிற்கும் காவல் கோபுரங்களில் பல, 16ஆம் நூற்றாண்டில் ஸ்பானிய ஆட்சிக் காலத்தில் கடற்கொள்ளையருக்குப் பயந்து கட்டியவை. தாழ்வான இடங்களிலோ மலேரியா. இத்தாலி அதிலிருந்து முழுக்க விடுபட்டதாக அறிவிக்கப்பட்டதே 1970இல்தான். ஆபத்து கடல் பக்கமிருந்து வரும்போது ஆள் மேலே ஏறித்தான் குடியிருப்பான். அங்கே விளைகிற கடலை, கீரை, அத்திப்பழம், ஆலிவ் இவைதான் அவன் சாப்பாடு.

மீன் இல்லவே இல்லை என்று சொல்லிவிட முடியாது. கொஞ்சம் தெற்கே பிஷொத்தாவில் வசந்தத்திலிருந்து கோடை வரை, ராத்திரியில் படகில் போய் ‘மெனாய்க்கா’ என்ற வலையில் நெத்தலி பிடிக்கிறார்கள். வலையிலிருந்து எடுக்கும்போதே கையால் தலையையும் குடலையும் கிள்ளிவிட்டு, உப்புநீரில் அலசி, மண்ஜாடியில் உப்பும் மீனுமாக அடுக்குவார்கள். மாதக்கணக்கில் ஊறும். வீட்டுக்கார அம்மா அதில் இரண்டே இரண்டு எடுத்துப் பிய்த்து ‘அக்குவசாலே’யில் போட்டார்: கல் போலக் காய்ந்த ரொட்டியைத் தண்ணீரில் நனைத்து, தக்காளியும் எண்ணெயும் சேர்த்தது. நான்கு பேர் சாப்பாட்டில் கடலின் பங்கு அந்த இரண்டு நெத்தலி. தக்காளியும் கொலம்பஸுக்குப் பிறகு அமெரிக்காவிலிருந்து வந்து சேர்ந்ததுதான். ஆதிகாலத்து உணவு என்று விளம்பரம் செய்பவர்கள் இதை ஏனோ சொல்வதில்லை.

ஊரில் பலாஸ்ஸோ வின்சிப்ரோவா என்ற பழைய மாளிகையில் இந்த உணவுமுறைக்கென்றே ஒரு அருங்காட்சியகம் வைத்திருக்கிறார்கள். இதைப் பிரபலமாக்கிய அன்செல் கீஸ் என்ற அமெரிக்க உடலியல் அறிஞர்தான் அங்கே நாயகன். 1958இல் தொடங்கி ஏழு நாடுகளில் 40 முதல் 59 வயது வரையிலான 12,763 ஆண்களைப் பின்தொடர்ந்து, கொழுப்புக்கும் இதய நோய்க்கும் உள்ள தொடர்பை ஆராய்ந்தவர். பியோப்பியில் வீடு கட்டி, அமெரிக்காவில் தான் வாழ்ந்த மினியாபொலிஸையும் எலேயாவையும் ஒட்டவைத்து ‘மினெலேயா’ என்று பெயர் வைத்தார். 2004இல் இறந்தபோது அவருக்கு நூறு வயது. ஆனால் அவர் ஆய்வில் இருந்த இத்தாலிய ஊர்களில் பியோப்பி கிடையாது! அதில் ஒன்றான கிரேவல்கோரே போலோன்யா பக்கம், வெண்ணெயும் பன்றி இறைச்சியும் புழங்கும் வடக்கில் இருக்கிறது.

அதே ஆய்வில் இருந்த, கிரீஸின் கிரீட் தீவின் கதை இன்னும் சுவாரசியம். 1948இல் ராக்ஃபெல்லர் அறக்கட்டளை அங்கே நடத்திய கணக்கெடுப்பில், சாப்பாட்டில் என்ன குறை என்று கேட்டதற்குப் பலர் சொன்னது இறைச்சி. ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவர்களின் விரத நாட்களோ வருடத்தில் ஏறக்குறைய பாதி. இல்லாமையையும் விரதத்தையும் சேர்த்து மருந்துச்சீட்டாக எழுதிக் கொடுத்திருக்கிறார்கள் என்றுதான் எனக்குத் தோன்றியது. வீட்டுக்கார அம்மாவிடம் இதைச் சொன்னபோது அவர் சிரித்தார். அவர் சின்ன வயதில் ஆலிவ் எண்ணெயை விற்றுவிட்டு, வீட்டில் பன்றிக் கொழுப்பில்தான் சமைப்பார்களாம்.

இந்த உணவுமுறையின் எல்லை எங்கே என்று பார்த்தால், அதைச் சேர்த்திருக்கும் யுனெஸ்கோவின் பண்பாட்டு மரபுப் பட்டியல் இன்னும் குழப்புகிறது. 2010இல் நான்கு நாடுகளிலிருந்து நான்கு இடங்கள்: சிலெந்தோ, கிரீஸின் கொரோனி, ஸ்பெயினின் சோரியா, மொராக்கோவின் ஷெஃப்ஷாவென். சோரியா கடலே தெரியாத மேட்டு நிலம். ஷெஃப்ஷாவென் ரிஃப் மலையில் இருக்கும் முஸ்லிம் ஊர். எதை எவ்வளவு சாப்பிடலாம் என்று காட்டும் உணவுப் பிரமிடு படத்தில் வரும் ஒயின் கோப்பைக்கு அங்கே என்ன வேலை? 2013இல் சைப்ரஸும் குரோஷியாவும் போர்ச்சுகலும் சேர்ந்தன. போர்ச்சுகலுக்கு மத்தியதரைக் கடலில் ஒரு சாண் கரைகூடக் கிடையாது, அதன் கரையெல்லாம் அட்லாண்டிக்.

கடைசி ராத்திரியும் கடலைதான். உங்கள் ஊரில் இது உண்டா என்று கேட்டார். சுண்டலைப் பற்றிச் சொன்னேன்: வேகவைத்து, கடுகு தாளித்து, தேங்காய்ப்பூ தூவி. தலையாட்டிக்கொண்டே வந்தவர், எந்த எண்ணெய் என்றார். நல்லெண்ணெய், எள்ளிலிருந்து எடுப்பது என்றேன். முகம் சுருங்கியது. ஒன்றும் சொல்லாமல் ஆலிவ் எண்ணெய்ப் பாட்டிலை எடுத்து என் தட்டில் இன்னும் ஒரு சுற்று ஊற்றினார்.