மசிக்கா மழை நாட்கள்

ஏப்ரல் 3

வார்டில் எல்லோரும் என்னை ‘மாமா’ என்கிறார்கள். டான்சானியாவில், இந்த டார் எஸ் சலாமில், பெண்களை மரியாதையாகக் கூப்பிடுவது அப்படித்தான், நாம் அம்மா என்பதைப் போல. நான் இவரை மாமா என்று கூப்பிட்டதைக் கேட்ட நர்ஸ் எங்கள் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தாள். இவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்ததில் தையல் வலித்தது.

ஏப்ரல் 4

டாக்டர் என்னிடம் இங்கிலீஷில் பேசுகிறார். நர்ஸ் பக்கம் திரும்பியதும் சுவாஹிலி. எனக்குக் கேட்க வேண்டியது அந்த இரண்டாவது பேச்சுதான். வரும் வழியில் நோட்டு வாங்கிவிட்டேன்.

ஏப்ரல் 5

மூன்றாவது கட்டில்காரரின் மனைவி, வயதானவர். எல்லோரும் அவரை பிபி, அதாவது பாட்டி என்கிறார்கள். அவர்தான் எனக்கு டீச்சர். முதலில் வணக்கம். பெரியவர்களைப் பார்த்தால் ‘ஷிக்கமோ’, அவர்கள் பதிலுக்கு ‘மரஹாபா’. சொல்லாமல் போனால் அவருக்குக் கோபம் வருகிறது.

நினாக்கூஜா, வருகிறேன். நிலிக்கூஜா, வந்தேன். நிட்டாக்கூஜா, வருவேன். ‘நி’ நான், நடுவில் காலம், கூஜா வருதல். தினமும் ஃபிளாஸ்க்கும் கையுமாக வருகிறவளுக்குப் பொருத்தமான வினைச்சொல். நாம் ‘வருகிறேன்’ என்று ஆளைக் கடைசியில் ஒட்டவைக்கிறோம், இவர்கள் தலையிலேயே வைத்துவிடுகிறார்கள். காலம் மட்டும் இரண்டிலும் நடுவில்.

‘அ’ என்றால் அவன், அவள், அவர் எல்லாம் ஒன்றுதான். ‘மே’ வந்தால் செயல் முடிந்துவிட்டது. அமேலாலா, தூங்கிவிட்டார். அமேக்கூலா, சாப்பிட்டுவிட்டார். காரிடாரில் ‘அமே’ என்று காதில் விழுந்தாலே கால் நின்றுவிடுகிறது. யாரோ எதையோ முடித்துவிட்டார். எதை என்பது அடுத்த அசையில்தான் தெரியும். யார் என்பது அதிலும் தெரியாது. எதிரே பெண்கள் வார்டு வேறு.

ஏப்ரல் 7

கருமே நாள், விடுமுறை. சான்சிபாரின் முதல் ஜனாதிபதி 1972-இல் சுட்டுக் கொல்லப்பட்ட நாளாம். டாக்டர் வரவில்லை. மழை.

ஏப்ரல் 8

பெயர்ச்சொல்லுக்கு இத்தனை வகுப்பா! கிட்டி, நாற்காலி. விட்டி, நாற்காலிகள். அதோடு விட்டால் சரி. ‘அந்த நாற்காலி உடைந்துவிட்டது’ என்றால் கிட்டி கிலே கிமேவுஞ்ஜிக்கா. பன்மையில் மூன்று ‘கி’யும் ‘வி’யாகிவிட வேண்டும்: விட்டி விலே விமேவுஞ்ஜிக்கா. பிபி விரலால் தொடையில் தாளம் போட்டுச் சொல்லித்தருகிறார். மரத்துக்கு வேறு வகுப்பு, கண்ணுக்கு வேறு, வீட்டுக்கு வேறு. உயர்திணை அஃறிணை என்று இரண்டோடு நிறுத்திய நம் ஆட்கள் புண்ணியவான்கள்.

ஆனால் ஒன்று பிடித்திருக்கிறது. மாட்டுக்கும் நாய்க்கும்கூட வினையில் மனிதருக்கு வரும் அதே ‘அ’தான். மாடும் உயர்திணை. அந்த மாட்டின் பெயர் ‘ஙொம்பே’! ஒன்றாம் வகுப்பில் ங, ஙா, ஙி, ஙீ என்று பக்கம் பக்கமாக எழுதினோமே, அதற்கு இன்றைக்குத்தான் வேலை வந்திருக்கிறது. தக்காளி ‘ஞாஞா’. இங்கிலீஷ்காரர்கள் ஙொம்பேயில் திணறுவார்கள், நமக்கு மூக்கிலேயே இருக்கிறது. இவரிடம் சொன்னேன். கண்ணைத் திறக்காமலே ‘ஙொம்பே’ என்றார், சுத்தமாக.

அப்படியென்றால் காரிடாரில் அமே என்றது ஒரு பூனையைப் பற்றியும் இருக்கலாம். இருக்கட்டுமே.

ஏப்ரல் 10

வாரத்தைச் சனிக்கிழமையிலிருந்து எண்ணுகிறார்கள். சனி ஜுமாமோசி, ஒன்று. ஞாயிறு இரண்டு. அப்படியே போனால் புதன் ஜுமாட்டானோ, ஐந்து. அடுத்த நாள் வியாழன் அல்ஹமீசி, அரபிக் கணக்கில் அதுவும் ஐந்து. வாரத்தில் இரண்டு ஐந்தாம் நாள். ரிசல்ட் ‘வாரக் கடைசியில்’ வரும் என்றார்கள். எந்த வாரம், எந்தக் கடைசி?

ஏப்ரல் 11

மாத்திரைக் கவரில் ‘குட்வா மாரா டாட்டு’ என்று எழுதியிருக்கிறது. நாளைக்கு மூன்று வேளை. அது சரி. அடுத்தது எத்தனை மணிக்கு என்றால் நர்ஸ் ‘சா நானே’ என்கிறாள். நானே என்றால் எட்டு. ஆனால் அவள் சொல்வது மதியம் இரண்டு.

பொழுது விடிந்ததிலிருந்து மணி எண்ணுகிறார்கள். நாம் ஏழு என்பது அவர்களுக்கு ஒன்று. நடுப்பகல் ஆறு. இருட்டியதும் மறுபடி ஒன்றிலிருந்து. பூமத்திய ரேகைக்குப் பக்கம் என்பதால் சூரியன் வருஷம் முழுக்க ஏறக்குறைய ஒரே நேரத்துக்கு வந்து போகிறது, கணக்கு கெடாது. பாட்டி காலத்து உதயாதி நாழிகை மாதிரிதான். நாழிகைக்கு 24 நிமிஷம், இதற்கு அறுபது, அவ்வளவுதான் வித்தியாசம். ஆறைக் கூட்டி ஆறைக் கழித்து அலுத்துப்போய் இன்று ஒரு வழி கண்டுபிடித்தேன்: மணி முள் காட்டும் எண்ணுக்கு நேர் எதிர் எண்ணைப் படித்தால் போதும். வார்டு கடிகாரத்தில் முள் இரண்டில் நிற்கிறது, எதிரே எட்டு. சா நானே.

இருந்தாலும் கவரில் பேனாவால் 2 என்று எழுதி, வட்டம் போட்டு, நர்ஸிடம் காட்டி, தலையாட்டச் சொல்லிவிட்டுத்தான் கொடுத்தேன். மருந்து விஷயத்தில் எனக்கு மொழி ஆர்வம் கிடையாது.

ஏப்ரல் 14

சித்திரை ஒன்று. வேப்ப மரத்துக்கு இங்கே ‘ம்வாரோபைனி’ என்று பெயர், நாற்பது நோயைத் தீர்க்குமாம். கேட்டிலேயே ஒன்று நிற்கிறது. மாங்காய்க்கு அலையவில்லை. புளியும் வெல்லமும் கரைத்து ஒரு கொழுந்து கிள்ளிப் போட்டுக் கொண்டுபோனேன். இவர் ஒரு வாய் வைத்துவிட்டு மூடிவிட்டார். பிபி மிச்சத்தைச் சாப்பிட்டார்.

ஏப்ரல் 16

அமேஃபரீக்கி. மூன்றாவது கட்டில். அர்த்தம் யாரும் சொல்லித் தரவில்லை.

ஏப்ரல் 17

சாமான்களை எடுத்துப்போக பிபி வந்தார். ‘போலே சானா’, ரொம்ப வருத்தம், என்று நேற்று ராத்திரி முழுக்கச் சொல்லிப் பார்த்து வைத்திருந்தேன். அவரைப் பார்த்ததும் வாய் வழக்கப்படி ‘ஷிக்கமோ’ என்றுவிட்டது. ‘மரஹாபா’ என்றார். அப்புறம்தான் போலே. பிளாஸ்டிக் வாளி, ஒரு பாய், இரண்டு தட்டு. வாளியை நான் பஸ் நிறுத்தம் வரைக்கும் தூக்கிப் போனேன். அங்கேயும் என் உச்சரிப்பைத் திருத்தினார்.

ஏப்ரல் 19

38.6. நோட்டைத் திறக்கவில்லை. எல்லோர் மேலும் எரிச்சல், ஈஸ்டர் விடுமுறை மேலும்.

ஏப்ரல் 20

38.1.

ஏப்ரல் 21

ஜுரம் இல்லை. ஒன்றரை இட்லி. அமேக்கூலா!! நானே காரிடாரில் போய் நர்ஸிடம் சொன்னேன். ‘அ’ யார் என்று அவள் கேட்கவில்லை.

ஏப்ரல் 22

ரவுண்ட்ஸ் முடிந்து வெளியே போகும்போது டாக்டர் நர்ஸிடம் சொன்னது: ‘அட்டாருஹுசீவா’. மே இல்லை, ட்டா. நடக்கப்போவது. ருஹுசீவா என்றால் அனுமதிக்கப்படுவது, ஆஸ்பத்திரியில் டிஸ்சார்ஜுக்கு இதைத்தான் சொல்கிறார்கள். அப்போது அவர் கண் இந்தக் கட்டிலில் இருந்ததா அடுத்ததிலா, நான் பார்க்கவில்லை, ஃபிளாஸ்க் மூடியைத் தேடிக்கொண்டிருந்தேன்.

இவரிடம் சொல்லவில்லை. சனிக்கிழமை மறுபடி விடுமுறை, முவுங்கானோ, 1964-இல் டாங்கனிக்காவும் சான்சிபாரும் சேர்ந்த நாள். அதற்குள் என்றால் வெள்ளிக்கிழமைக்குள். பில் எத்தனை லாக்கி வரும் என்று கவுண்டரில் கேட்க வேண்டும் (லட்சத்துக்கு இங்கேயும் லாக்கிதான்).

காலை சா ம்பிலி, எட்டு மணி, டாக்டர் வந்ததும் கேட்க வேண்டியது: அட்டாருஹுசீவா லினி? எப்போது? கட்டிலைக் கையால் தொட்டுக்கொண்டு கேட்க வேண்டும்.