எருமைக் கறி ஜப்சே: ஒரே வாணலி, ஃப்ரீசர் நேரம் போக முக்கால் மணி நேரம்

ஜப்சே என்பது கண்ணாடி நூடுல்ஸும் காயும் கறியும் கலந்த கொரியப் பலகாரம். அது சொதப்புவது பெரும்பாலும் இரண்டு இடத்தில். கறி ரப்பராகும், அல்லது நூடுல்ஸ் ஒரே கட்டியாக உருளும். சாஸ் கலப்பதில் யாரும் தோற்பதில்லை, ஆனால் எல்லாச் சமையல் குறிப்பிலும் அதற்குத்தான் பாதிப் பக்கம்.

முதலில் கறி. பெங்களூரில் பீஃப் என்று கேட்டால் கிடைப்பது எருமை. 2021 ஜனவரியில் அமலுக்கு வந்த கர்நாடகச் சட்டப்படி 13 வயதுக்குக் குறைந்த எருமையையும் வெட்ட முடியாது. ஆகவே நம் வாணலிக்கு வருவது வயதான மிருகம்: நார் தடிமன், கொழுப்பு குறைவு. கொரியக் காணொளியில் "ரெண்டு நிமிஷம் வதக்குங்க" என்பது கொழுப்பு ஓடிய இளங்கறிக்கு. அதை அப்படியே செய்தால் தாடை வலிக்கும்.

அதனால் அண்டர்கட் (முதுகெலும்புக்கு அடியில் இருக்கும் மென்கறி) மட்டும் வாங்குங்கள். சிவாஜிநகர் கடைகளில் சும்மா "கால் கிலோ" என்றால் குழம்புக்குப் போடுவது போல் துண்டு போட்டுவிடுவார்கள். "பாய், அண்டர்கட் கால் கிலோ, ஜவ்வு எடுத்துட்டு முழுசா குடுங்க, வெட்ட வேணாம்" என்று முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும். வீட்டுக்கு வந்ததும் ஃப்ரீசரில் 45 நிமிடம். விரலால் அழுத்தினால் மேலே இறுகியும் நடுவே லேசாகக் கொடுத்தும் இருக்கும்போது எடுத்து, நார் ஓடும் திசைக்குக் குறுக்கே 3 மில்லிமீட்டர் தகடுகளாக அரிந்து, பிறகு தீக்குச்சி நீளக் கீற்றாக நறுக்குங்கள். நாரோடு நீளவாக்கில் அரிந்த கறியை எந்த ஊறலும் காப்பாற்றாது.

250 கிராம் கீற்றுக்குக் கால் தேக்கரண்டி சமையல் சோடாவை ஒரு மேசைக்கரண்டி தண்ணீரில் கரைத்துப் பிசறி 15 நிமிடம் வையுங்கள். சோடாவால் காரத்தன்மை (அமிலத்துக்கு எதிரானது) ஏறினால் சூட்டில் புரதம் அவ்வளவாக இறுகாது, சாறு உள்ளேயே நிற்கும். அரைத் தேக்கரண்டி போட்டால் சோப்பு வாடை வரும். நம் வழக்கப்படி பப்பாளிக்காய் அரைத்துப் போடலாமே என்று கை போகும். பிரியாணித் துண்டுக்குச் சரி, இவ்வளவு மெல்லிய கீற்றின் மேற்புறம் மாவாகிவிடும். கொரியர்கள் பேரிக்காய் துருவிச் சேர்ப்பார்கள். வாசனைக்கு ஒரு மேசைக்கரண்டி சேருங்கள், ஆனால் கிழட்டு எருமையை அது மட்டும் மசியவைக்காது. 15 நிமிடம் ஆனபின் சோயா சாஸ் 1 மேசைக்கரண்டி, சர்க்கரை 1 தேக்கரண்டி, நசுக்கிய பூண்டு 3 பல், அரைத் தேக்கரண்டி மிளகுத்தூள் சேர்த்துப் பிசறி, காய் நறுக்கி முடியும் வரை விட்டுவிடுங்கள்.

ஜப்சே என்ற பெயருக்குக் கலந்த காய்கறி என்றுதான் பொருள். 17ஆம் நூற்றாண்டில் அரண்மனை விருந்துக்குப் போன ஜப்சேயில் நூடுல்ஸே கிடையாது, அது 20ஆம் நூற்றாண்டில் வந்து ஒட்டிக்கொண்டது. ஆகவே காயில் கஞ்சத்தனம் வேண்டாம். மூன்று பேருக்கு நூடுல்ஸ் 200 கிராம் என்றால் பெரிய வெங்காயம் 1, கேரட் 1, சிவப்புக் குடைமிளகாய் 1, காளான் 100 கிராம், பாலக் ஒரு கட்டு.

நூடுல்ஸ் சர்க்கரைவள்ளிக்கிழங்கு மாவில் செய்தது, பெயர் தாங்மியான். காய்ந்திருக்கும்போது சாம்பல் நிறம், வெந்தால் கண்ணாடி. கொரியப் பொருள் விற்கும் கடைகளிலோ இணையத்திலோ கிடைக்கும். சேமியாவோ அரிசி நூடுல்ஸோ போட்டால் வேறு பலகாரம் ஆகிவிடும், அந்த இழுவை வராது. பெங்களூர் கடல்மட்டத்திலிருந்து சுமார் 900 மீட்டர் உயரம், இங்கே தண்ணீர் 97 டிகிரியிலேயே கொதித்துவிடும். பாக்கெட்டில் 6 நிமிடம் என்றிருந்தால் இங்கே 7 அல்லது 8. ஓர் இழையைக் கடித்துப் பாருங்கள், நடுவில் வெள்ளைப் புள்ளி தெரியக் கூடாது. அந்தக் கொதிநீரை வைத்துக்கொண்டே முதலில் பாலக்கை 30 விநாடி முக்கி எடுத்து, குளிர்நீரில் அலசி, ஒட்டப் பிழிந்துவிடுங்கள். பிழியாத பாலக் கடைசியில் மொத்தத்தையும் சதசதவென்று ஆக்கும்.

வெந்த நூடுல்ஸையும் குளிர்நீரில் அலசி மேலே உள்ள மாவுப் பசையைப் போக்கி, வடித்து, கத்தரிக்கோலால் இரண்டு மூன்று இடத்தில் வெட்டி, உடனே சோயா சாஸ் 3 மேசைக்கரண்டி, சர்க்கரை ஒன்றரை மேசைக்கரண்டி, எள் எண்ணெய் 1 மேசைக்கரண்டி ஊற்றிப் பிசறுங்கள். எண்ணெய் படாமல் ஐந்து நிமிடம் நின்றால் கட்டிதான்.

எண்ணெய் விஷயத்தில் நாம் ஏமாறுவது சுலபம். எள் எண்ணெய்தானே என்று செக்கு நல்லெண்ணெயை ஊற்றினால் கொரிய வாசனை வரவே வராது. நம்முடையது வறுக்காத எள்ளில் ஆட்டியது, அவர்களுடையது எள்ளை நன்றாக வறுத்துப் பிழிந்தது. வேறு வழியில்லை என்றால் நல்லெண்ணெயோடு, பொன்னிறத்துக்கு வறுத்துக் கையால் நுணுக்கிய எள் ஒரு மேசைக்கரண்டி சேருங்கள், முக்கால்வாசி தேறும். சோயா சாஸிலும் அப்படித்தான்: ஃப்ரைட் ரைஸுக்கு வாங்கிய டார்க் சோயா வேண்டாம், நூடுல்ஸ் தார் நிறமாகும். லைட் சோயா போதும். பிராண்டுக்குப் பிராண்டு உப்பு மாறும், மூன்றாவது கரண்டிக்கு முன் ருசி பாருங்கள்.

இனி வாணலி. எல்லாவற்றையும் ஒன்றாகக் கொட்டினால் நேரம் மிச்சம் என்று தோன்றும். வீட்டு அடுப்பின் தீ அதற்குப் பத்தாது, காய் தண்ணீர் விட்டு வெந்துபோகும். வெளிர்நிறத்திலிருந்து அடர்நிறத்துக்குப் போங்கள்: வெங்காயம், கேரட், குடைமிளகாய், காளான். ஒவ்வொன்றுக்கும் ஒரு தேக்கரண்டி எண்ணெய், ஒரு சிட்டிகை உப்பு, பெரிய தீயில் ஒன்றரை நிமிடம். காளானுக்கு மட்டும் தண்ணீர் வற்றும் வரை நான்கு நிமிடம் ஆகும். இந்த வரிசையில் போனால் வாணலியை நடுவில் கழுவ வேண்டியதில்லை. கறி கடைசி, அதுவும் இரண்டு ஈடாக. வாணலி புகையத் தொடங்கியதும் பரப்பிவிட்டு 40 விநாடி கிளறாதீர்கள். சுர்ரென்ற சத்தம் அடங்கி முணுமுணுத்தால் தண்ணீர் விடுகிறது என்று பொருள், அடுத்த ஈட்டைக் குறையுங்கள்.

கறி வதங்கிய அதே வாணலியில் நூடுல்ஸைப் போட்டு, அடியில் ஒட்டியதெல்லாம் கரையும்படி மிதமான தீயில் இரண்டு நிமிடம் புரட்டுங்கள். அடுப்பை அணைத்துவிட்டுக் காய், பாலக், கறி, இன்னும் ஒரு தேக்கரண்டி எள் எண்ணெய், மேலே எள். கையால் கலந்தால்தான் இழை அறுபடாது.

மீந்ததை ஃப்ரிட்ஜில் வைத்தால் மறுநாள் நூடுல்ஸ் வெளுத்து விறைத்திருக்கும். கெட்டுப்போகவில்லை, மாவு இறுகியிருக்கிறது. வாணலியில் இரண்டு மேசைக்கரண்டி தண்ணீர் தெளித்து மூடி மூன்று நிமிடம் சூடாக்கினால் மறுபடி கண்ணாடியாகும். சோற்றின் மேல் போட்டும் சாப்பிடுவார்கள், கொரியாவில் அதற்குத் தனிப்பெயரே உண்டு: ஜப்சே பாப்.