மோயாற்றின் நேர்கோடு

நீலகிரியின் வட விளிம்பில் மோயாறு ஏறக்குறைய நேர்கோடாக ஓடுவதை வரைபடத்தில் பார்க்கும் எவருக்கும், அங்கே பூமி இன்னும் அசைகிறதோ என்ற ஐயம் எழுவது இயல்பு. களப்பணிக்குப் புதிதாக வரும் நிலவியலாளர்கள் சிலர் அந்த ஐயத்தை முடிவாகவே எழுதிவிடுகிறார்கள். அந்தக் கோட்டுக்குக் காரணம் பாறையின் பழைய பலவீனம் என்பதே என் கருத்து.

சீகூர் பீடபூமிக்கும் பந்திப்பூர் காடுகளுக்கும் நடுவே ஆறு அறுத்த அந்தப் பள்ளத்தாக்கில் வனக் காவலரின் துணையோடுதான் வேலை செய்ய முடியும். புதிய யானைத் தடம் தென்பட்டால் அன்றைய வேலை அத்தோடு முடிந்தது. கிடைக்கும் நேரத்தில் நான் முதலில் தேடுவது, வெள்ளம் கழுவித் துலக்கிய ஒரு பாறை முகத்தை. நீலகிரி மலையின் சார்னோக்கைட், கருமையும் எண்ணெய்ப் பளபளப்பும் கொண்ட பருமணிப் பாறை. சுமார் 250 கோடி ஆண்டுகளுக்கு முன், 20 கிலோமீட்டருக்கும் கூடுதலான ஆழத்தில் உருவானது. மோயாற்றை நோக்கி இறங்க இறங்க அதே பாறை உருக்குலைகிறது. கை லென்ஸ் வைத்துப் பார்த்தால், குவார்ட்ஸ் என்ற கனிமம் வெல்லப்பாகை இழுத்ததுபோல் மெல்லிய நாடாக்களாக நீண்டிருக்கும். நடுவே நசுங்கிய பெல்ஸ்பார் மணிகள் கண்வடிவில் நிற்கும். நீரில்லாத கனிமமான பைராக்சீன் இருந்த இடத்தில் நீர் கலந்த கனிமங்களான ஹார்ன்பிளெண்டும் பயோடைட்டும் வந்திருப்பது, பெயர்ச்சியின் வழியே, அதாவது பாறைத் தொகுதிகள் ஒன்றையொன்று உரசி நகர்ந்த பட்டையின் வழியே, நீர் ஊடுருவியதற்குச் சான்று. ஆழத்தில் இப்படி நசுங்கி இழுபட்ட பாறைதான் மைலோனைட். சுமார் 300 பாகை செல்சியசுக்கு மேல் வெப்பமுள்ள ஆழத்தில்தான் குவார்ட்ஸ் உடையாமல் இப்படி நீளும். ஆகவே இந்தப் பெயர்ச்சி நடந்த காலத்தில், இப்போது நாம் நிற்கும் இடத்துக்கு மேலே பல கிலோமீட்டர் பாறை இருந்தது. அது முழுவதும் அரித்துப் போன பிறகே மைலோனைட் வெளிச்சத்துக்கு வந்தது. நசுங்கிப் பட்டைபட்டையாகிப் போன அப்பாறை வரிசையை ஆறு எளிதாக அரித்துத் தன் வழியாக்கிக்கொண்டது.

ஆனாலும், ஒரு பெயர்ச்சியைச் செயலற்றது என்று எழுதவும் சான்று வேண்டும். ஆற்றோரத்துப் பழைய சரளைப் படிவுகளைப் பிளவு வெட்டுகிறதா, மேலுள்ள மண் அடுக்குகள் இடம் பெயர்ந்திருக்கின்றனவா என்று பார்த்தாக வேண்டும். மைலோனைட்டின் வயது எவ்வளவு பழையதாயினும் அது இந்தக் கேள்விக்கு விடையாகாது. 1900 பிப்ரவரி 8 அன்று கோயம்புத்தூர் வட்டாரத்தை உலுக்கிய, சுமார் 6 அளவுள்ள நிலநடுக்கத்தை இந்தப் பகுதியில் வேலை செய்பவர்கள் மறக்கக் கூடாது. மோயாறும் பவானியும் கூடும் இடத்தில்தான் பவானிசாகர் நீர்த்தேக்கம் இருக்கிறது. நீலகிரியின் இரு விளிம்புகளிலும் வரும் பழைய பெயர்ச்சி மண்டலங்கள் நெருங்கும் பகுதியும் அதுவே.

அதனால் என் அறிக்கைகளில் இரண்டையும் பிரித்தே எழுதுகிறேன்: ஆழத்தில் நிகழ்ந்த பழைய பெயர்ச்சி முடிந்துவிட்டது என்பதை உறுதியாக, பிற்கால முறிவுகளைப் பற்றி, மேற்படிவுகளை நேரில் பார்த்த இடங்களுக்கு மட்டும். காடு மூடிய பகுதிகளில், உறுதியில்லை என்பதைக் காட்ட, வரைபடத்தில் விட்டுவிட்டு வரையும் முறிகோடு போட்டுவிடுகிறேன்.