ஆழாக்கில் அளந்த நாழிகை: காலம் பொருளான ஒரு யுகத்தைச் சேலம் மேடையில் ஓடவிட்டது

காலத்தைக் கையால் தொடலாம், அளந்து விற்கலாம் என்று ஒரு பொய் யுகத்தை நாடகத்துக்காகக் கட்டும்போது முதல் கேள்வி, அந்தச் சரக்கு எங்கிருந்து வந்தது என்பதுதான். சாபம், வால்நட்சத்திரம் என்று ஏதாவது வைத்தால் முதல் காட்சிக்கு மேல் தாங்காது. நாங்கள் நிஜமான ஒரு கணக்கைப் பிடித்துக்கொண்டோம்.

இந்திய நேரம் 82.5 டிகிரி தீர்க்கரேகையை அடிப்படையாக வைத்தது. சேலம் இருப்பது சுமார் 78.15 டிகிரியில். டிகிரிக்கு 4 நிமிடம் என்றால் 17 நிமிடச் சொச்சம் வித்தியாசம். சேலத்தில் சூரியன் உச்சிக்கு வரும்போது கடிகாரம் சராசரியாக 12.17 காட்டுவது இதனால்தான். இந்த 17 நிமிடம் இரண்டு தவணையில் போனது: ரயில்கள் மதராஸ் நேரத்தில் ஓடிய நாளிலேயே 8, 1906 ஜனவரி 1 அன்று ஒரே நேரம் நடைமுறைக்கு வந்தபோது இன்னொரு 9. இதுவரை வரலாறு. இழந்த நிமிடங்கள் ஆளுக்கொரு பங்காகத் திரவமாய்த் தேங்கின என்பது எங்கள் கற்பனை. பம்பாயும் கல்கத்தாவும் அதற்குப் பிறகும் பல ஆண்டுகள் சொந்த நேரத்தை விடவில்லை. ஆகவே அங்கே சரக்கே கிடையாது. கடத்தல்காரர் பாத்திரம் இலவசமாகக் கிடைத்துவிட்டது!

அடுத்தது, சரக்கின் குணம். பலரும் காலத்தைத் தங்கக் காசு போல எழுதிவிடுவார்கள். கெடாத பொருள் என்றால் அது வெறும் பணம்தான், புதிதாக எதுவும் நடக்காது. எங்கள் காலம் தண்ணீரைப் போல நடந்துகொள்ளும்: மூடாவிட்டால் ஆவியாகும், குளிர்ந்தால் மெதுவாக ஓடும். இந்த இரண்டு விதி போதும். மூன்றாவதாக ஒன்று சேர்க்கத் தோன்றும், சேர்க்காதீர்கள்.

இனி அளக்கும் கருவி. மேடையில் பொம்மையாக வைக்காமல் உண்மையிலேயே ஓட வேண்டும். ஓர் ஆழாக்கு (168 மி.லி.) ஓடி முடிய ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம். 60 நாழிகை ஒரு நாள். அந்தக் கணக்கில் ஒருவர் இழந்த 17 நிமிடம் சுமார் 120 மி.லி.

தேவையானவை: நேர்ச்சுவரும் 25 செ.மீ. வாய் அகலமும் உள்ள குண்டான், உள்விட்டம் 1 மி.மீ. கொண்ட நுண்குழாய் 55 செ.மீ., மில்லிலிட்டர் கோடு போட்ட கண்ணாடிக் குடுவை, வெப்பமானி. குண்டானின் அடிப்பக்கத்தில் துளையிட்டுக் குழாயைச் செருகி எம்-சீல் வைத்து அடைக்கவும். நீர்மட்டத்துக்கும் குழாயின் வெளிமுனைக்கும் இடையே 20 செ.மீ. உயரம் இருக்கட்டும். அகலமான பாத்திரம் ஏன் என்றால், ஆழாக்கு நீர் வெளியேறினாலும் மட்டம் மூன்றரை மி.மீ.தான் இறங்கும், வேகம் பெரிதாக மாறாது. சொம்பு வைத்தால் கடைசிப் பாதி இழுத்துக்கொண்டே போகும்.

நீரின் வெப்பம் 30 டிகிரியில் நிற்கும்போது ஓடவிட்டுப் பாருங்கள். 24 நிமிடத்தைத் தாண்டினால் குழாயை அரை செ.மீ. வெட்டுங்கள், மறுபடி பாருங்கள். கணக்குப்படி 51, 52 செ.மீ. அருகில் சரியாக வரும். ஆனால் கடையில் 1 மி.மீ. என்று தருவது துல்லியமாக 1 மி.மீ. இருக்காது. ஓட்டம் விட்டத்தின் நான்காம் அடுக்கில் மாறுவதால் விட்டத்தில் 5 சதவீதப் பிழை, நேரத்தில் 20 சதவீதம் வரை அடிக்கும். சூத்திரத்தை நம்பி ஒரே வெட்டாக வெட்டிவிட்டால் குழாய் வீண்.

குழாய்க்குள் காற்றுக்குமிழ் ஒட்டினால் ஓட்டம் தடுமாறும். தண்ணீரைக் கொதிக்கவைத்து ஆறவிட்டு, துணியில் வடிகட்டி ஊற்றவும். போர் தண்ணீர் வேண்டாம், உப்பு படியும். வெளிமுனை அந்தரத்தில் தொங்கினால் ஒவ்வொரு சொட்டும் உருண்டு விழும்வரை பின்னால் தடை கொடுக்கும். முனை குடுவையின் உட்சுவரைத் தொட்டிருந்தால் சீராக இறங்கும்.

கதை எங்கே பிறக்கிறது என்றால், இந்தக் கருவியை ஏற்காட்டுக்கு ஏற்றும்போது. நீரின் பாகுநிலை (ஓட்டத்தைத் தடுக்கும் பிசுபிசுப்பு) 30 டிகிரியில் 0.80 மில்லிபாஸ்கல் செகண்ட். 15 டிகிரியில் 1.14. நுண்குழாயில் ஓடும் நேரம் அதே விகிதத்தில் நீளும். சேலத்தில் 24 நிமிடம் எடுத்த ஆழாக்கு, மலையில் தை மாதக் காலையில் 34 நிமிடம் எடுக்கும். காபித் தோட்டத்தில் ஆழாக்குக்கு இவ்வளவு கூலி என்று பேசியிருந்தால், கூலியாள் ஒவ்வொரு நாழிகைக்கும் 10 நிமிடம் இனாமாக உழைக்கிறார். கங்காணி கருவியை மரநிழலில் வைப்பார்; தொழிலாளர் அதை அடுப்படிக்கு நகர்த்துவார்கள். எங்கள் நாடகத்தின் சண்டை முழுக்க இந்தக் கருவியை எங்கே வைப்பது என்பதில்தான். வில்லனுக்குத் தனியாக வசனம் எழுத வேண்டியிருக்கவில்லை.

இங்கே ஒரு எச்சரிக்கை. குழாய்க்குப் பதிலாக மெல்லிய தகட்டில் ஓட்டை போட்ட வட்டில் (நீர்க்கடிகாரக் கிண்ணம்) வைத்தால் குளிர் இந்த அளவுக்குப் பாதிக்காது, சண்டைக்கே இடமில்லாமல் போகும். செவ்வாய்பேட்டை வியாபாரி 'நேர்மையான அளவு' என்று தகட்டு வட்டிலைத் தூக்கிக்கொண்டு மலையேறி வருவதாக ஒரு காட்சி வைத்தோம்; தோட்ட முதலாளி அதைத் தடைசெய்யும் காரணம் பார்ப்பவர்களுக்கு உடனே புரிகிறது.

ஒத்திகையில் சரியாக ஓடியது மேடையில் முந்திக்கொள்ளும். விளக்குச் சூட்டில் நீர் 35 டிகிரியைத் தொட்டால் 24 நிமிடம் இருபத்தொன்றரையாகச் சுருங்கும். வசனத்தோடு ஆழாக்கு நிறைய வேண்டிய காட்சி என்றால் குண்டானைச் சுற்றி ஈரச்சாக்கு கட்டி, திரை தூக்குவதற்கு முன் வெப்பமானியைப் பார்த்துவிடுங்கள். முடிந்ததும் குழாயை நீர்த்த வினிகரால் அலசி, ஊதி உலர்த்தி வைக்கவும்.