கோவை கிளப்: கதவுக்கு 500, பேச்சுக்கு பரோட்டாக் கடை

கோவை நைட் கிளப்புக்கு ஒண்டியாகப் போகிற ஆம்பளைக்கு முதல் அடி வாசலிலேயே விழும். ‘கப்பிள்ஸ் மட்டும்தானுங்க’ என்று பவுன்சர் மரியாதையாகத்தான் சொல்வார். அந்த ஒரு ‘ங்க’வைக் கேட்கப் பொள்ளாச்சியிலிருந்து 40 கிலோமீட்டர் பெட்ரோல் எரிக்கணுமா? கிளம்பும் முன்னே போன் போட்டு, ஸ்டேக் என்ட்ரி (ஜோடி இல்லாத ஆம்பளைக்கு அனுமதி) உண்டா, கவர் சார்ஜ் (உள்ளே விடக் கட்டும் காசு) எவ்வளவு, அதில் எவ்வளவு பில்லில் கழியும் என்று கேட்டுவிடுங்கள். 2,000 கட்டி 1,500தான் கழியும் என்றால், மிச்சம் 500 கதவைத் திறந்துவிட்ட கூலி. 21 வயது ஆகாதவர்களுக்குச் சரக்கு கிடையாது. பில்லில் சர்வீஸ் சார்ஜ் தானாக ஏறியிருந்தால் எடுக்கச் சொல்லுங்கள்; அப்படி ஏற்றக்கூடாது என்று மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2022 ஜூலையிலேயே சொல்லிவிட்டது.

உள்ளே சத்தம். நாம் சாதாரணமாகப் பேசுவது 60 டெசிபல் சுமாருக்கு. இந்த மாதிரி இடங்களுக்கு உலக சுகாதார நிறுவனம் 2022இல் வைத்த வரம்பு, 15 நிமிடச் சராசரியில் 100. அந்த வரம்புக்குள் இருந்தாலே காதோரம் கத்தணும். ‘என்னங்க?’ என்று ரெண்டு தடவை கேட்பார்கள். மூணாவது தடவை புரிந்த மாதிரி சிரித்துத் தலையாட்டிவிடுவார்கள். ஒருத்தர் போனில் ‘எந்த ஊரு?’ என்று தட்டி நீட்டுகிறார். எதிரில் இருப்பவர் ‘திருப்பூர்’ என்று தட்டித் தருகிறார். அதற்குள் அடுத்த பாட்டு, அவரவர் மறுபடி டிஜே பக்கம் திரும்பியாச்சு. பேச்சு ஓடுவது ஸ்மோக்கிங் ரூமில் மட்டும்தான். சிகரெட்டே பிடிக்காதவர்களும் அங்கே வந்து நிற்பது அதனால்தான். மற்ற நேரமெல்லாம் வாய்க்கு வேலை கிளாஸ்தான். ரெண்டு பெக்கில் நிற்க வேண்டிய கணக்கு நாலுக்குப் போவது இப்படித்தான்.

ஸ்பீக்கரை ஒட்டி நிற்காதீர்கள். மருந்துக்கடையில் ஃபோம் இயர்பிளக் கிடைக்கும். மெல்லிசாக உருட்டி, காது மடலை மேலே இழுத்துச் செருகி, 30 விநாடி விரலால் பிடித்தால்தான் உள்ளே விரிந்து உட்காரும். பாதி வெளியே நின்றால் காசு தண்டம்.

லைட் போட்டதும் பாருங்கள், அவ்வளவு நேரம் தோளோடு தோள் இடித்து ஆடிய கூட்டம் ஆளுக்கொரு போனைப் பார்த்தபடி பார்க்கிங்குக்குப் போகும். குடித்திருந்தால் வண்டிச் சாவியைத் தொடாதீர்கள். 100 மில்லி ரத்தத்தில் 30 மில்லிகிராம் ஆல்கஹால் தாண்டினால், முதல் தடவையே 10,000 ரூபாய் அபராதம், இல்லையென்றால் ஆறு மாதம் வரை ஜெயில், ரெண்டும் சேர்ந்தும் கிடைக்கலாம்.

நேராகத் தள்ளுவண்டிப் பரோட்டாக் கடைக்கு நடங்கள். ‘கண்ணு, பிச்சுப் போட்டுச் சால்னா ஊத்தட்டுமா?’ என்று கேட்க ஆள் இருக்கும். ‘எந்த ஊருங்க’ என்று பக்கத்து ஸ்டூலும் கேட்கும். ஆட்டோவையும் அங்கிருந்தே பேசுங்கள். கிளப் வாசல் ஆட்டோ உங்கள் சட்டையைப் பார்த்து ரேட் சொல்லும்.