டி சேட்டாவின் காதுகள்

ஜூன் 2

திரைப்பட இயக்குநர் டி சேட்டாவின் பெயரைத் தேடினால் பாதி நேரம் டி சிகாதான் வந்து நிற்கிறார். இருவருக்கும் முதல் பெயர் விட்டோரியோ, இருவரும் இத்தாலி, ஆங்கிலத்தில் எழுதினால் கடைசியில் இரண்டெழுத்து வித்தியாசம். 'பைசைக்கிள் தீவ்ஸ்' எடுத்தவரை நம் ஃபிலிம் சொசைட்டிக்காரர்கள் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வார்கள். இவரைக் கேட்டால் யோசிப்பார்கள்.

1923இல் சிசிலியின் பலேர்மோவில் பிரபு குடும்பம் ஒன்றில் பிறந்தவர். ரோமில் கட்டடக்கலை படித்தார். போரில் ஜெர்மானியர்களிடம் சிறைப்பட்டு முகாமில் இருந்தார். முப்பது வயதுக்குமேல் கேமராவைத் தூக்கிக்கொண்டு சிசிலி, சார்டீனியா தீவுகளுக்கும் தென்கோடியிலுள்ள கலாப்ரியாவுக்கும் போய், 1954 முதல் 1959க்குள் பத்து ஆவணப்படங்கள் எடுத்தார். பெரும்பாலானவை பத்து நிமிடத்துக்குச் சற்று முன்பின். எல்லாம் வண்ணம். வரிசையாகப் பார்க்கப் போகிறேன்.

ஜூன் 3

முதலில் வாள்மீன் படம். சிசிலிக்கும் இத்தாலியப் பெருநிலத்துக்கும் நடுவே உள்ள மெஸ்சினா நீரிணை. படகின் நடுவே நட்ட உயரமான கம்பத்தின் உச்சியில் ஒருவர் நின்றபடி கடலையே பார்த்துக்கொண்டிருக்கிறார். கீழே மற்றவர்கள் காத்திருக்கிறார்கள். மீன் கண்ணில் பட்டதும் மேலிருந்து கூச்சல். துடுப்புகள் வேகம் பிடிக்கின்றன, முன்னால் நிற்பவர் எறியீட்டியை ஓங்குகிறார்.

தொடக்கத்தில் சில வரி எழுத்து, அவ்வளவுதான். பிறகு யாரும் நமக்கு எதையும் விளக்குவதில்லை. அந்தக் காலத்தில் இது எவ்வளவு பெரிய துணிச்சல் என்பது சூழலைப் படித்தால்தான் தெரிகிறது. இத்தாலியில் அப்போது பெரிய படத்துக்கு முன்னால் ஒரு பத்து நிமிட ஆவணப்படம் ஓட்டுவார்கள். அரசின் உதவித்தொகை உண்டு என்பதால் பலரும் எடுத்துத் தள்ளினார்கள். முதல் ஃப்ரேமிலிருந்து கடைசி ஃப்ரேம்வரை ஒரு கணீர்க் குரல் பேசிக்கொண்டே இருக்கும். நம் ஃபிலிம்ஸ் டிவிஷன் செய்திப்படங்களை உட்கார்ந்து பார்த்த தலைமுறைக்கு அந்தக் குரல் எப்படி இருந்திருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை. டி சேட்டா அந்தக் குரலை வெட்டி எறிந்துவிட்டு, மீனவர்களின் பாட்டையும் கூச்சலையும் துடுப்புச் சத்தத்தையும் அந்த இடத்தில் வைத்தார்.

ஜூன் 4

டப்பிங் தியேட்டரில் வேலை பார்க்கும் நண்பரை வீட்டுக்கு வரவழைத்து அதே படத்தைப் போட்டுக் காட்டினேன். இரண்டு நிமிடம்கூட ஆகவில்லை. "இதுல ஒண்ணுகூட ஷாட்டோட சேர்ந்து எடுத்த சவுண்ட் இல்ல சார். வாயசைவப் பாருங்க" என்றார்.

அவர் சொன்னது சரி. அன்றைய கேமராவையும் ஒலிப்பதிவுக் கருவியையும் அந்தச் சின்னப் படகில் ஒன்றாக ஓடவைக்க வழியில்லை. படத்தைத் தனியாக எடுத்து, ஒலியை டேப் ரெக்கார்டரில் தனியாகப் பிடித்து, எடிட்டிங் மேசையில் இரண்டையும் கோத்திருக்கிறார். அதாவது, கேட்கும் கூச்சல் நிஜம், பார்க்கும் வாயும் நிஜம், ஆனால் இந்த வாயிலிருந்து வந்த கூச்சல் அது இல்லை. நண்பர் இதைக் குறையாகச் சொல்லவில்லை. "எவ்ளோ பொறுமையா அடுக்கியிருக்கான் மனுஷன்!" என்று மூன்று முறை திருப்பிப் போடச் சொன்னார்.

ஆவணப்படம் என்றால் கலப்படமில்லாத உண்மை என்று சண்டைக்கு வருபவர்களிடம் இதைப் போட்டுக் காட்ட வேண்டும்.

ஜூன் 6

நேற்றும் இன்றுமாக மற்ற சிசிலிப் படங்கள். எரிமலைத் தீவுகளைப் பற்றியது 1955இல் கான் விழாவில் பரிசு வாங்கியிருக்கிறது. ஸ்ட்ரோம்போலி எரிமலை குமுறும்போது ஊர் எப்படிக் கதவடைத்து உட்கார்ந்திருக்கிறது என்பதில்தான் கேமராவுக்கு அக்கறை. கோதுமை அறுவடைப் படத்தில் கோவேறு கழுதைகளைப் பிணையல் கட்டிக் களத்தில் ஓட்டுகிறார்கள். கந்தகச் சுரங்கம் பற்றியது எனக்கு அவ்வளவாக ஒட்டவில்லை. மேலே வெயில், கீழே இருட்டு என்ற முரணை இன்னும் கொஞ்சம் அடக்கி வாசித்திருக்கலாம்.

சூரை மீன் படம் வேறு ரகம். படகுகள் வலையைச் சுற்றிவளைக்கின்றன. இழுக்கும்போது ஒரு பாட்டு. நம் கடற்கரையின் அம்பாப் பாட்டு போலவே ஒருவர் எடுத்துக் கொடுக்க, மற்றவர்கள் வாங்கிப் பாடுகிறார்கள், இழுவை அந்தத் தாளத்தில் நடக்கிறது. வலை மேலே வர வர மீன்கள் துள்ளி, தண்ணீர் சிவக்கிறது. அந்த இடத்தில் ஒரு விளக்கக் குரல் வந்திருந்தால் பரிதாபத்தையோ வீரத்தையோ நம் கையில் திணித்திருக்கும்.

ஜூன் 9

'பண்டிட்டி அ ஓர்கோசோலோ' (ஓர்கோசோலோவின் கொள்ளையர்கள்), 1961. முதல் முழுநீளக் கதைப்படம், கறுப்பு வெள்ளை. சார்டீனியாவின் மலைப்பகுதியான பார்பாஜியாவில் இருக்கும் ஓர்கோசோலோ என்ற ஊர். நடித்தவர்கள் அந்த மண்ணின் ஆடு மேய்ப்பவர்கள். ஒளிப்பதிவும் டி சேட்டாவே. கூடமாட இருந்த இளைஞர் லூச்சானோ தொவோலி பின்னாளில் பெரிய ஒளிப்பதிவாளர் ஆனவர்.

கதை சின்னது. மிக்கேலே என்ற மேய்ப்பனின் கிடைக்குத் திருட்டுப் பன்றிகளோடு கொள்ளையர்கள் வந்து சேர்கிறார்கள். போலீஸ் அவனையும் சந்தேகிக்கிறது. பிடிபட்டால் வழக்கு முடியும்வரை மந்தையைப் பார்க்க ஆளில்லை. அந்த ஆடுகளுக்கான கடனே இன்னும் அடையவில்லை. எனவே தம்பியையும் மந்தையையும் ஓட்டிக்கொண்டு மலையேறுகிறான். புல்லும் தண்ணீரும் இல்லாத உச்சியில் ஆடுகள் ஒவ்வொன்றாகச் சாகின்றன. கடைசியில் தன்னைப் போன்ற இன்னொரு ஏழையின் மந்தையைத் துப்பாக்கி முனையில் பறிக்கிறான். அவ்வளவு நேரம் அவன் பக்கம் நின்ற நம்மை அந்தக் காட்சியில் எங்கே நிற்பது என்று தெரியாமல் செய்துவிடுகிறார். வெனிஸ் விழாவில் சிறந்த முதல் படத்துக்கான பரிசு.

இருந்தும் ஒன்று உறுத்துகிறது. இவ்வளவு கூர்மையான காது உள்ள மனிதர், சார்டீனிய மேய்ப்பர்களைப் பொது இத்தாலியனில் டப்பிங் பேச வைத்திருக்கிறார். அந்த ஊர்ப் பேச்சு இத்தாலியின் மற்ற பகுதிகளில் புரியாது என்பது உண்மைதான். படம் ஓட வேண்டும், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் முகம் மலையிலும் குரல் ஸ்டூடியோவிலும் இருக்கிறது. மதுரைக் கதைக்குச் சென்னையில் குரல் கொடுத்த எத்தனையோ படங்கள் ஞாபகத்துக்கு வருகின்றன.

ஜூன் 10

'உன் உவோமோ அ மெத்தா' (பாதி மனிதன்), 1966. மனம் முறிந்த ஓர் எழுத்தாளனின் உள்ளே போகும் படம். டி சேட்டா, உளவியலாளர் யுங் வழி வந்த மருத்துவரிடம் உளப்பகுப்பாய்வுக்குப் போய்க்கொண்டிருந்த காலத்தின் விளைவு. இசை என்னியோ மொரிக்கோனே. எழுத்தாளனாக நடித்த ஜாக் பெரானுக்கு வெனிஸில் சிறந்த நடிகர் விருது கிடைத்தது. மேய்ப்பர்களை எடுத்தவர் இப்படி உள்ளொடுங்கிவிட்டாரே என்று இடதுசாரி விமர்சகர்கள் காய்ச்சினார்கள். அவர்கள் சொன்ன காரணம் அபத்தம். ஆனாலும் எனக்குப் பாதிக்குமேல் கொட்டாவி வந்தது.

ஜூன் 13

'தியாரியோ தி உன் மாயெஸ்த்ரோ' (ஒரு வாத்தியாரின் நாட்குறிப்பு). 1973, இத்தாலியத் தொலைக்காட்சிக்காக நான்கு பகுதிகள். இதைத்தான் இவர் வாழ்க்கையின் உச்சம் என்பேன்.

ரோமின் புறநகர்க் குடியிருப்பு ஒன்றில் ஒரு தொடக்கப் பள்ளி. ஃபெயிலானவர்களையும் வராமல் திரிபவர்களையும் தள்ளிவிட்ட வகுப்பு. புது வாத்தியார் தெருவில் இறங்கித் தேடுகிறார். பையன்கள் பல்லி, ஓணான் வகையறாவைப் பிடித்துக்கொண்டு அலைகிறார்கள். சரி, அதுவே பாடம். வாத்தியாராக வருபவர் புரூனோ சிரீனோ என்ற தொழில்முறை நடிகர். பிள்ளைகள் அப்படிப்பட்ட குடியிருப்புகளைச் சேர்ந்த நிஜப் பிள்ளைகள். மனப்பாடம் செய்ய வசனம் எதுவும் கொடுக்கவில்லை. உண்மையாகவே ஒரு வகுப்பை நடத்தி அதைப் படம் பிடித்திருக்கிறார்கள். கேமரா அதே தொவோலி.

முக்கியமான விஷயம், ஒலி. 16 மி.மீ. கேமராவும் கையடக்க ஒலிப்பதிவுக் கருவியும் வந்துவிட்ட காலம் இது. ஒரு பையன் தன் கொச்சையில் உளறுவது அவன் வாயிலிருந்தே, அந்த நொடியிலேயே வருகிறது. படகில் முடியாதது, மலையில் விட்டுக்கொடுத்தது, இங்கே கைகூடியது. நண்பருக்கு ஃபோன் செய்து சொன்னேன். "அப்போ என் பொழப்புக்கு வேட்டு" என்றார்.

ஜூன் 15

அதற்குப் பிறகு நீண்ட இடைவெளிகள். கலாப்ரியாவில் சொந்த நிலத்துக்குப் போய்விட்டார். அவ்வப்போது தொலைக்காட்சிக்கு ஏதாவது செய்தார். 2006இல், எண்பதைத் தாண்டிய வயதில், செனகலிலிருந்து கடல் கடந்து வரும் ஓர் இளைஞனைப் பற்றி 'லெத்தெரே தல் சஹாரா' (சஹாராவிலிருந்து கடிதங்கள்) எடுத்தார். லாம்பெதூசா தீவு, நேப்பிள்ஸ், ஃபுளோரன்ஸ், தூரின் என்று அவன் நகர்ந்துகொண்டே இருக்கிறான். மனிதர்கள் சில இடங்களில் கருத்துகளாகப் பேசுகிறார்கள், அது பலவீனம். ஆனால் சிசிலிக் கடலை மீனவர்களின் கடலாக எடுத்தவர், ஐம்பது வருடம் கழித்து அதே கடலை அகதிகளின் கடலாக எடுத்திருக்கிறார். 2011 நவம்பரில் காலமானார்.

யாராவது எங்கே தொடங்குவது என்று கேட்டால்: வாள்மீன், பிறகு ஓர்கோசோலோ, பிறகு வாத்தியார். 1966ஆம் ஆண்டுப் படத்தை அவசரமில்லாமல் பார்க்கலாம். கலாப்ரியா பற்றி 1993இல் எடுத்த ஆவணப்படம் பாக்கி இருக்கிறது. சனிக்கிழமை நண்பர் வருகிறேன் என்றிருக்கிறார், அதுவரை தொடப்போவதில்லை.