வெட்டிய மௌனம்

தொலைக்காட்சியில் என் பொறுப்பில் இருந்த புத்தக நிகழ்ச்சியில் ஒரு நாவலாசிரியரிடம் கேட்ட கேள்வி சாதாரணமானதுதான்: இன்றைக்கு எழுதினால் கதையின் முடிவை மாற்றுவீர்களா? அவர் உடனே பதில் சொல்லவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். மேசையையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்புறம்தான் “மாற்ற மாட்டேன்” என்றார். எடிட்டிங்கில் அந்த இடைவெளியை எடுத்துவிட்டு, ஒட்டு தெரியாமலிருக்க நூலின் அட்டையைக் காட்டினேன்.

ஒளிபரப்பான மறுநாள் போன் செய்தார்.

“தம்பி, நான் யோசிச்சதை எடுத்துட்டீங்களே. பார்க்கிறவங்க என்னைத் திமிர் பிடிச்சவன்னுதானே நினைப்பாங்க?”

“நேரம் போதலைங்க ஐயா.”

“அப்போ பதிலை எடுத்திருக்கலாமே.”

அதுதான் இன்னும் குடைகிறது. நேரம் போதாதது உண்மை. பயமும் இருந்தது. சென்னையில் தொலைக்காட்சி தொடங்கியது 1975 ஆகஸ்ட் 15-இல். அதன்பின் பல ஆண்டுகள் ஒரே சானல்தான். வெள்ளிக்கிழமை சினிமாப் பாட்டு போடும் ‘ஒளியும் ஒலியும்’ பார்க்கப் பக்கத்து வீட்டில் கூடியவர்கள்தான் புத்தக நிகழ்ச்சிக்கும் பார்வையாளர்கள். நூலகப் படி ஏறாதவர்கள்கூட ஒரு நாவலைப் பற்றிக் காது கொடுத்துக் கேட்டார்கள். அது சின்ன விஷயமல்ல. திரையில் பேச்சு நின்றால் ‘தடங்கலுக்கு வருந்துகிறோம்’ வரப்போகிறது என்று எழுந்து போய்விடுவார்கள். அவர்களை உட்கார வைப்பது என் பொறுப்பு. இப்போதும் அப்படித்தான் நினைக்கிறேன்.

ஆனால் அவர்களுக்குத்தான் அந்த மௌனத்தை முக்கியமாகக் காட்டியிருக்க வேண்டுமோ? நாவலைப் படித்தவருக்கு அவருடைய தயக்கங்கள் முன்பே தெரியும். படிக்காதவருக்கு அந்த முகம் மட்டும்தான். ஒரு மனிதர் தன் கதையோடு மல்லுக்கட்டுவதை அச்சில் பார்க்க முடியாது, டிவியில் முடியும். நூல் அறிமுகம் என்று அதைவிட என்ன செய்துவிட முடியும்? சரி, அப்படியே விட்டிருந்தால் எத்தனை பேர் பொறுத்திருப்பார்கள்? தெரிந்துகொள்ள வழியில்லை. டேப் விலை அதிகம். பழைய பதிவின் மேலேயே புதியதைப் பதிவது அப்போது பிபிசியில்கூட வழக்கம்தான். அந்தப் பதிவும் அப்படியே போயிற்று.

அந்த மௌனத்தில் பாதியாவது வைத்திருக்கலாமோ என்றும் யோசிப்பேன். ஆனால் பாதி வைத்தால் பதில் தெரியாமல் தடுமாறியதுபோலத் தோன்றும். அவர் தடுமாறவில்லை. முடிவை மனதுக்குள் ஒருமுறை மாற்றிப் பார்த்துவிட்டுத்தான் திரும்பி வந்தார். அதற்குத் தேவைப்பட்ட நேரத்தை அவர்தான் முடிவு செய்ய முடியும் என்று ஒரு நாள் தோன்றுகிறது. மறுநாள், நிகழ்ச்சி என் பொறுப்பில்தானே இருந்தது என்று தோன்றுகிறது.